முழங்கை சொறிகிற மனிதர்

தம்பி, படிக்கத் தொடங்கும் முன் எழுத்தைப் பார். ‘ழ’ எழுதினால் வாலைக் கீழ்வரி வரைக்கும் இழுத்துவிடுவேன் என்று சின்ன வயதில் நீ என்னைக் கேலி செய்வாயே, அந்த வால் இதில் இருக்கிறதா என்று பார். அம்மாவை யாரோ மிரட்டி எழுத வைத்திருக்கிறார்கள் என்றுதான் உனக்கு முதலில் தோன்றும். தோன்றாவிட்டால்தான் ஆச்சரியம், வளர்த்தது நான்தானே. ஒருவரும் மிரட்டவில்லை. வெள்ளிக்கிழமைத் தொழுகைக்காக முதலாளி, அதுதான் நம் காயல்பட்டினத்துக் காக்கா, தையல் கடையை அடைத்துவிட்டுப் பள்ளிவாசலுக்குப் போயிருக்கிறார். துபாயின் சத்வா தெரு ஓய்ந்து கிடக்கிறது. நான் துணி வெட்டுகிற மேசையில் தனியாக இருந்து எழுதுகிறேன், கதவை உள்ளே பூட்டியிருக்கிறேன், இரண்டு தரம் இழுத்தும் பார்த்துவிட்டேன்.

எழுதி முடித்ததும் ஒவ்வொரு தாளாகப் போட்டோ எடுத்து உனக்கு அனுப்புவேன். அதே நிமிடம் நம் ஊர் ஆட்களின் வாட்ஸ்அப் குழுவிலும் போடுவேன். உனக்கு மட்டும் அனுப்பினால், அம்மாவின் மானத்தைக் காப்பாற்றுகிறேன் பேர்வழி என்று நீ இதை அமுக்கிவிடுவாய், எனக்குத் தெரியும். நீ அந்த மனிதரைப் பற்றிச் சொன்னது கனடாவில், லண்டனில், கட்டாரில் இருக்கிற எத்தனையோ பேருடைய போனில் கிடக்கிறது. அதற்கு மறுப்பும் அதே போன்களில் கிடக்கட்டும். அவர்கள் படிக்கிறபடி படிக்கட்டும், நான் கதைப்பது உன்னோடுதான்.

நடந்ததை ஒழுங்காகச் சொல்லிக்கொண்டு வருகிறேன். பஹ்ரைனில் ஈசா டவுனில் ஏசி திருத்தும் கடை வைத்திருக்கிற குகதாசனின் மகள் நிவேதாவை உனக்குப் பேசி, மோதிரமும் மாற்றியாயிற்று. கலியாண நாள் குறிக்கவென்று போன மாதம் நாம் இரண்டு பேரும் அவர்கள் வீட்டுக்குப் போனோம். சாப்பாட்டு மேசையில் குகதாசன், தானும் கடைசிச் சண்டையில் நாங்கள் வந்த அதே பாதையால் வெளியேறி, நாங்கள் இருந்த அதே முகாமில் இருந்தவர் என்றார். மற்றவர்கள் வருடக்கணக்கில் அடைபட்டுக் கிடந்த இடத்திலிருந்து இரண்டாம் மாதமே வெளியில் வந்துவிட்டாராம். எப்படி வந்தீர்கள் என்று நீ கேட்டாய். “அதெல்லாம் விடுங்கோ தம்பி, முதல் சாப்பிடுங்கோ” என்று சொல்லிவிட்டு, அவர் வலது கையால் இடது முழங்கையைச் சொறிந்தார். வாய்க்குக் கொண்டுபோன சோற்றோடு உன் கை அப்படியே நின்றது. ஏன் நின்றது என்று அந்த மேசையில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

உன் அப்பாவைக் காட்டிக்கொடுத்தவன் ஒரு தலையாட்டி என்று நான் உனக்குச் சொல்லியிருக்கிறேன். தலையில் சாக்கைப் போட்டு முகத்தை மறைத்துக்கொண்டு, படையினருக்குப் பக்கத்தில் நின்று, வரிசையில் வருகிற ஆட்களைப் பார்த்து இவன்தான் என்று தலையை ஆட்டுகிறவன். ஆட்டுவதற்கு முன்னால் அவன் வலது கையால் இடது முழங்கையைச் சொறிந்தான் என்றும் சொல்லியிருக்கிறேன். ஒரு தடவையா, ஐம்பது தடவை. துபாய்க்குத் திரும்பி வந்த அன்றே நீ குழுவில் வொய்ஸ் மெசேஜ் போட்டாய். குகதாசனின் பெயர், கடை, படம் எல்லாம் போட்டு, இந்த ஆள் தலையாட்டியாக நின்றதைக் கண்டவர்கள் சொல்லுங்கள் என்று கேட்டாய். கண்டவர் ஒருவரும் இல்லை. கேள்விப்பட்டவர்கள் மட்டும் நிறையப் பேர் வந்துவிட்டார்கள். ஒரு கிழமைக்குள் பஹ்ரைனில் நம் ஆட்கள் அவரை ஏசி வேலைக்குக் கூப்பிடுவதை விட்டுவிட்டார்கள், மாதப் பூசைக்குக் கொஞ்ச நாள் வரவேண்டாம் என்றும் சொல்லிவிட்டார்கள். “ஆன்ட்டி, இது உண்மையா? அப்பா சாப்பிடுறார் இல்லை” என்று அந்தப் பிள்ளை எனக்கு எழுதினாள். நான் அதைப் படித்துவிட்டுப் பதில் போடவில்லை.

இப்போது கேள். குகதாசன் தலையாட்டி இல்லை. நம் கதையில் தலையாட்டி என்று ஒருவன் இல்லவே இல்லை. அவனை வெட்டித் தைத்தது நான். சாக்கும் நான் போட்டது, முழங்கையும் நான் வைத்தது. நீ இந்த இடத்தில் தாளைக் கசக்கி எறிந்துவிட்டு எழும்பிப் போவாய். போனில் பார்க்கிறபடியால் கசக்கவும் முடியாது, ஆகவே மிச்சத்தையும் படி.

இதை எழுதுவதால் நான் குகதாசனை நம்புகிறேன் என்று நினைத்துவிடாதே. கலியாணப் பேச்சு வந்த நாளிலிருந்து எனக்கு அந்த மனிதர்மேல் சந்தேகம். இங்கிலீசில் மடமடவென்று கதைக்கிற, கணக்குப் படித்த பிள்ளையை ஏன் ருவைஸில் வேலை செய்கிற உன்னைப் போல ஒரு எலெக்ட்ரீஷியனுக்குத் தருகிறார்? நாங்கள் ஒரு தரம் பலகாரம் அனுப்பினால் அவர் ஏன் இரண்டு தரம் அனுப்புகிறார்? காக்காவின் மச்சான் அங்கே மனாமாவில் இருக்கிறார், அவரைப் பிடித்து, ஏசிக்கு கேஸ் அடிக்கிற சாட்டில் அந்தக் கடைக்குப் போய்ப் பார்த்துவிட்டு வரச் சொன்னேன். அவர் போய் வந்து, நல்ல மனிதர், வேலை நேர்த்தி, தேத்தண்ணியும் தந்தார் என்றார். அதற்குப் பிறகு எனக்கு நித்திரை போயிற்று. திருத்தக் கொண்டு வந்தவனுக்குத் தேத்தண்ணி கொடுக்கிற ஏசிக்காரனை நீ எங்கேயாவது கண்டிருக்கிறாயா? இன்றைக்கும் அவர் இரண்டாம் மாதத்தில் எப்படி வெளியில் வந்தார் என்று எனக்குத் தெரியாது. யாரைப் பிடித்தாரோ, எதைக் கொடுத்தாரோ, அது அவருடைய கதை. அவர் செய்யாதது ஒன்று எது என்று மட்டும் எனக்கு நிச்சயமாகத் தெரியும். அந்த நிச்சயத்தை இரண்டு கிழமையாக வாயை மூடிக்கொண்டு வைத்திருந்ததுதான் என் அநியாயம்.

சந்தேகப்பட உனக்கு நான்தான் சொல்லிக்கொடுத்தேன். பதினெட்டு வயதில் நீ துபாய்க்கு வந்து இறங்கியபோது, பசிக்குதா என்று கேட்பதற்கு முன்னால், பிளேனில் பக்கத்தில் இருந்தவன் என்ன கேட்டான் என்று கேட்டேன். கடையில் சாப்பாட்டுக்குப் பெயர் கேட்டால் வேறு பெயர் சொல்லு என்றேன். நீ ‘ரவி’ என்று சொல்லிவிட்டு, ரவி ரவி என்று அவன் கத்த, அது நீதான் என்பதை மறந்து நிற்பாய், நாம் இரண்டு பேரும் சிரிப்போம். வரிசையில் முதல் ஆளாக நிற்காதே, கடைசி ஆளாகவும் நிற்காதே என்றேன். எமிரேட்ஸ் ஐடிக்குக் கைரேகை வைக்கக் கூட்டிப்போன அன்று, அந்தக் கண்ணாடியில் உன் விரல் பட்டபோது நான் சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டதை நீ கண்டாய். ஏசி குளிர் என்று சொன்னேன். விண்ணப்பம் தட்டிக் கொடுக்கிற டைப்பிங் சென்டரில் மலையாளத்துப் பையன் என்னைப் பார்த்து, கணவர் இருக்கிறாரா இறந்துவிட்டாரா, எதைப் போட என்று கேட்டான். எதையாவது போடு என்று சொல்லிவிட்டு வெளியில் வந்துவிட்டேன். பெயர் கொடுக்கிற எந்த இடத்திலும் எனக்கு மூச்சு முட்டும். சண்டையில் பட்டவர்களுக்கு அப்படித்தான் என்று நீ உன் சிநேகிதரிடம் சொல்லிப் பெருமூச்சு விடுவாய். அது பாதி உண்மை.

மிச்சப் பாதி என்னவென்றால், நான் சண்டைக்கு முன்னாலும் இப்படித்தான். கலியாணம் கட்டிய முதல் வருடம், கிளிநொச்சிப் பக்கம் உன் அப்பா டிராக்டர் திருத்துகிற கொட்டில் போட்டிருந்தார். நான் வீட்டில் பள்ளிக்கூடச் சட்டை தைத்தேன். அவர் பின்னேரம் ஐந்து மணிக்குக் கொட்டிலைப் பூட்டுவார், வீட்டுக்கு ஏழு மணிக்கு வருவார். இடையில் இரண்டு மணித்தியாலம் எங்கே போகிறார்? கேட்டால் சும்மா என்பார். சட்டையை மணந்து பார்த்தேன், ஒரே டீசல். கடைசியில் ஒருநாள் சைக்கிளை எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனேன். மனிதர் சந்திக் கடையின் பின்பக்கம் கரம்போர்ட் விளையாடிக்கொண்டிருந்தார். வேலியால் எட்டிப் பார்த்த என்னைக் கண்டுவிட்டார். அத்தனை பேருக்கு முன்னாலும் சிரித்துக்கொண்டு, “இஞ்சை பாருங்கோ, என்ர மனிசியின்ர நெஞ்சுக்குள்ள ஒரு சென்றி பொயின்ற் இருக்கு” என்று, காவலரணைச் சொல்லிக் கேலி செய்தார். அதற்குப் பிறகு நான் யாரையாவது சந்தேகப்பட்டுக் கதைத்தால், சென்றி முழிச்சிட்டுது என்பார். எனக்குக் கோபம் வரும். இப்போது நினைத்தால், அவர் ஒருவர்தான் அதைச் சிரிப்பால் அடக்கி வைத்திருந்தார்.

கடைசிச் சண்டையில் நாம் எப்படி ஓடினோம் என்பது உனக்குத் தெரியும், உனக்கு ஏழு வயது. பங்கருக்குள் இருந்தது, பானையோடு அடுத்த இடத்துக்கு ஓடியது, கஞ்சி வரிசையில் ஷெல் விழுந்தது, எல்லாம் உனக்கு ஞாபகம் இருக்கிறது. இதைக் கேட்டிருக்க மாட்டாய்: இடையில் பதினொரு நாள் இயக்கம் அப்பாவை டிராக்டர் ஓட்டக் கூட்டிக்கொண்டு போனது. துவக்குத் தூக்கவில்லை, சீருடை போடவில்லை. காயப்பட்ட சனத்தை ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரி இருந்த பள்ளிக்கூடத்துக்குப் போய் இறக்கினார். பதினொரு நாளும் சட்டையில் மற்றவர்களின் இரத்தத்தோடு வந்தார். பன்னிரண்டாம் நாள் டிராக்டர் எரிந்துவிட்டது, அதோடு விட்டுவிட்டார்கள். அந்தப் பதினொரு நாளைப் பற்றி எனக்கும் அவருக்கும் அந்த டிராக்டரில் ஏறியவர்களுக்கும்தான் தெரியும்.

பிறகு நாங்கள் தண்ணீர் கடந்து படையினர் பக்கம் வந்து சேர்ந்தோம். ஒரு பெரிய வெளி, சுற்றிவரக் கம்பி, ஆயிரக்கணக்கான சனம் வரிசை வரிசையாக நிலத்தில் குந்தியிருந்தது. நீ காய்ச்சலில் என் மடியில் நித்திரை. ஒலிபெருக்கியில் யாரோ கொச்சைத் தமிழில் திருப்பித் திருப்பிச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். இயக்கத்தில் ஒருநாள் இருந்தவர்கள் என்றாலும் எழும்பி வந்து பெயரைப் பதியுங்கள், விசாரித்துவிட்டு விட்டுவிடுவோம், பதியாமல் ஒளித்திருந்து பிறகு பிடிபட்டால் கடுமையாக இருக்கும் என்று. அப்பா அதைக் காதில் வாங்கவே இல்லை. உன் நெற்றியில் ஈரத்துணியை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தார். நான்தான் சுற்றிவரப் பார்த்தேன். நமக்கு இரண்டு வரிசை தள்ளி, தலையில் துவாய் போட்ட ஒரு ஆள் எங்களையே பார்த்துக்கொண்டிருந்தான். நான் பார்த்தால் தலையைக் குனிவான். கொஞ்ச நேரத்தில் திரும்பவும் பார்ப்பான். அப்பாவைத்தான் பார்க்கிறான் என்று எனக்கு விளங்கிவிட்டது.

அப்பாவின் காதுக்குள் சொன்னேன். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

“பாத்தா பாக்கட்டும். நீ பேசாம இரு. ஒருத்தரும் எங்களைக் கேக்கேல்லை.”

“அவன் உங்களை டிராக்டரில கண்டிருக்கிறான். இப்ப எழும்பிப் போய்ச் சொல்லப் போறான். அவன் சொல்லிப் பிடிக்கிறதும் நீங்களாப் போய்ச் சொல்லுறதும் ஒண்டே? எழும்புங்கோ.”

“பதினொரு நாளுக்கு என்னத்தைப் பதியிறது?”

“அதைத்தான் போய்ச் சொல்லுங்கோ. எழும்புங்கோ எண்டு சொல்லுறன்.”

அவர் என்னைப் பார்த்தார். சென்றி முழித்துவிட்டது என்று சொல்லிச் சிரிப்பார் என்று நினைத்தேன். அன்றைக்கு அவருக்குச் சிரிக்கத் தெம்பில்லை. எத்தனையோ நாளாக நித்திரையில்லாத மனிதர், என்னோடு வாதாடவும் தெம்பில்லை. எழும்பினார். துணியைப் பிழிந்து உன் நெற்றியில் திரும்ப வைத்தார். உடனே வந்திடுவன், தண்ணி குடுக்க மறந்திடாதை என்றார். மேசைக்கு முன்னால் நின்ற வரிசையில் போய் நின்றார். அவர் முறை வந்தபோது எங்கள் பக்கம் கையை நீட்டி, மனைவி பிள்ளை அங்கே இருக்கிறார்கள் என்று காட்டினார். எழுதுகிறவன் தலையை நிமிர்த்திப் பார்க்கவில்லை. பிறகு அவரை ஒரு பஸ்ஸில் ஏற்றினார்கள். நான் உன்னை மடியில் வைத்துக்கொண்டு, நல்லகாலம், அந்தத் துவாய்க்காரனை முந்திவிட்டோம் என்று நினைத்தேன். தம்பி, அப்படித்தான் நினைத்தேன். கெட்டிக்காரி என்று என்னை நானே மெச்சிக்கொண்டேன்.

முகாமுக்குக் கொண்டுபோன ஐந்தாம் நாளோ ஆறாம் நாளோ, தண்ணீர் டாங்கிக்குப் பக்கத்தில் அந்தத் துவாய்க்காரன் என்னிடம் வந்தான். நான் வாளியைத் தூக்கிக்கொண்டு விலகப் பார்த்தேன். “அக்கா, நில்லுங்கோ. அண்ணை எங்க?” என்றான். பிறகு சொன்னான், அப்பாதான் வயிற்றில் காயப்பட்ட அவன் மனைவியைத் தன் கையால் தூக்கி டிராக்டரில் ஏற்றியவராம். அவள் இரண்டு நாளில் போய்விட்டாளாம். அன்றைக்கு அந்த வெட்டவெளியில் அப்பாவைக் கண்டதும் வந்து ஒரு வார்த்தை சொல்ல வேண்டும் என்று பார்த்துக்கொண்டே இருந்தானாம், அழுதுவிடுவேனோ என்று வெட்கத்தில் வரவில்லையாம். அதைச் சொல்லிவிட்டுத் திரும்பவும், அண்ணை எங்க அக்கா என்று கேட்டான். அவனைச் சந்தேகப்பட்டு நான்தான் அப்பாவை அனுப்பினேன் என்று அந்த மனிதனிடம் எப்படிச் சொல்வேன்? “தலையாட்டி காட்டிக்குடுத்திட்டான்” என்றேன். அந்தப் பாவப்பட்ட மனிதன் வாயில் துவாயைப் பொத்திக்கொண்டு அழுதான்.

நீ என் பாவாடையைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றாய். அன்று பின்னேரமே, தலையாட்டி எண்டா என்ன அம்மா என்று கேட்டாய். சொன்னேன். மற்ற இடங்களில் தலையாட்டிகள் நின்றது உண்மை, நான் கண்டும் இருக்கிறேன், ஆகவே சொல்வதற்குக் கஷ்டப்படவில்லை. நீ விட்டாயா? அவன் உயரமா, செருப்புப் போட்டிருந்தானா, எங்களைத் தெரிந்தவனா, சாக்குக்குள் எப்படி மூச்சு விடுவான் என்று நாள்தோறும் ஒரு கேள்வி. நானும் நாள்தோறும் ஒரு துண்டு வெட்டி ஒட்டினேன். முழங்கையைச் சொறிகிற பழக்கம் எங்கள் ஊர்த் தபால்காரருக்கு இருந்தது, அதை எடுத்து அவனுக்கு வைத்தேன். நீ கேட்கக் கேட்க அவன் வளர்ந்தான். பெரியவனானதும் அவனைக் கண்டுபிடிப்பேன் என்று நீ சொன்னபோது எனக்கு உள்ளூர ஆறுதலாகக்கூட இருந்தது. நீ அவனைத் தேடுகிற வரைக்கும் என் பக்கம் திரும்பிப் பார்க்க மாட்டாய் அல்லவா.

அதன் பிறகு, திரும்பி வராத அப்பாவைத் தேடி நான் ஏறி இறங்காத அலுவலகம் இல்லை. உன்னைச் சித்தியிடம் வவுனியாவில் விட்டுவிட்டு சார்ஜாவுக்கு வீட்டு வேலைக்கு வரும்வரை, அப்பாவின் படத்தைப் பிடித்துக்கொண்டு ஆளைத் தொலைத்த மற்றப் பெண்களோடு நீதி கேட்டு றோட்டில் இருந்தேன். அந்தப் பெண்கள் ஒரு வார்த்தை சொல்வார்கள். “எங்கட கையால ஒப்படைச்சனாங்கள். ஒப்படைச்ச பிள்ளையைத் திருப்பித் தா” என்பார்கள். மைக்கைப் பிடித்து, யாருக்கும் பயப்படாமல் சொல்வார்கள். என் முறை வந்தால் நான் தலையாட்டிக் கதையைச் சொல்வேன். ஒவ்வொரு படிவத்திலும் அதைத்தான் எழுதினேன். அப்பா தானாக எழும்பிப் போய்ப் பெயர் பதிந்தவர், அந்த மேசையில் அவர் பெயர் எழுதியதை என் கண்ணால் கண்டேன் என்று ஒரு இடத்திலும் சொல்லவில்லை. அவர் பெயர் எழுதிய தாள் எங்கே என்று கேட்கிற உரிமை எனக்கு இருந்தது, அதை நானே என் பொய்யால் தொலைத்தேன். அந்தப் பெண்களை நினைத்தால் எனக்கு வெட்கமாக இருக்கிறது. அவர்கள் சொன்ன வார்த்தையை இன்றைக்குத்தான் எழுதுகிறேன்: உன் அப்பாவை நான் என் கையால் ஒப்படைத்தேன்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், நீ என்னைப் பைத்தியம் என்று நினைத்தாலும் பரவாயில்லை. ஈசா டவுனில் குகதாசன் முழங்கையைச் சொறிந்தாரே, அப்போது நானும் அங்கே தலையாட்டியைத்தான் கண்டேன். அவன் நான் இட்டுக்கட்டிய ஆள் என்று எனக்குத் தெரியும், தெரிந்தும் அந்த முழங்கையையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஏன் சொறிகிறார், எதற்குப் பேச்சை மாற்றினார் என்று யோசித்தேன். திரும்பி வரும்போது விமானத்தில், ஒருவேளை அன்றைக்கு அந்த வெட்டவெளியில் உண்மையாகவே ஒருவன் நின்று தலையாட்டினானோ, நான்தான் காணவில்லையோ என்று யோசிக்கிற அளவுக்கு வந்துவிட்டேன். என் பாரத்தை இறக்கி வைக்க ஒரு முதுகு கிடைத்தது, நான் பேசாமல் இறக்கி வைத்துவிட்டேன். நீ வொய்ஸ் போட்ட அன்று நான் உன்னைத் தடுத்திருக்கலாம். நீ பேசிக்கொண்டிருந்த அறையில்தான் நான் உனக்கு உடுப்பு மடித்துக்கொண்டிருந்தேன். அதற்குப் பிறகு இரண்டு தரம் ருவைஸிலிருந்து வந்து போனாய். இரண்டு தரமும் சொல்ல வாயெடுத்து, கறிக்கு உப்புக் காணுமா என்று கேட்டேன்.

புதன்கிழமை நிவேதா திரும்பவும் எழுதினாள். மோதிரத்தை எந்த அட்ரஸுக்கு அனுப்ப என்று கேட்டிருந்தாள், வேறொன்றும் இல்லை. அதைப் பார்த்த பிறகு என்னால் ஊசிக்கு நூல் கோர்க்க முடியவில்லை. பக்கத்தில் இருந்த பிலிப்பினோப் பிள்ளையிடம் கோர்த்துத் தா என்று கொடுத்துவிட்டு, வெளியில் வந்து குகதாசனுக்குப் போன் எடுத்தேன். எடுக்க மாட்டார் என்று நினைத்தேன், எடுத்துவிட்டார். வெயிலில் நின்று எல்லாவற்றையும் சொன்னேன். துவாய்க்காரனைச் சொன்னேன், அப்பாவை எழும்பச் சொன்னதைச் சொன்னேன், முழங்கை தபால்காரருடையது என்றும் சொன்னேன். திட்டுவார் என்று காத்திருந்தேன். ஏசி வேலையில் தூசு பட்டுப் பட்டு அந்தக் கையில் சொறி, மருந்து பூசினாலும் போகுதில்லை என்றார். பிறகு, “இதைத் தம்பிக்குச் சொன்னீங்களோ?” என்றார். இன்னும் இல்லை என்றேன். “முதல் அவருக்குச் சொல்லுங்கோ அக்கா. என்ர பெயர் பிறகு பாக்கலாம். தகப்பனைப் பற்றின விசயம், எனக்குத் தெரிஞ்சு அவருக்குத் தெரியாமல் இருக்கக் கூடாது” என்றார். இதைச் சொல்லிவிட்டுப் போனை வைத்துவிட்டார். வைத்த பிறகு, இதைச் சொல்வதில் இவருக்கு என்ன லாபம் என்று என் மூளை ஒரு சுற்றுச் சுற்றியது. சுற்றிவிட்டு ஒன்றும் அகப்படாமல் நின்றது. அந்த மனிதருக்கு முன்னால் நான் கூனிக் குறுகிப் போனேன், தம்பி.

உனக்கு நான் புத்தி சொல்கிற தகுதி இல்லை. ஆனாலும் தாய் எழுதுகிற கடிதத்தில் ஒரு புத்தியாவது இருக்க வேண்டும் அல்லவா, இருப்பது இது ஒன்றுதான். சந்தேகம் வராமல் இருக்க உன்னால் முடியாது, அது என் பக்கத்து இரத்தம். வரட்டும். வந்தால் அந்த ஆளிடமே போய்க் கேள். ஊரைக் கூட்டுவதற்கு முன்னால், குழுவில் போடுவதற்கு முன்னால், நாலு அடி நடந்து போய் அவன் முகத்தைப் பார்த்துக் கேள். துவாய்க்காரன் எனக்கு இரண்டு வரிசை தள்ளித்தான் இருந்தான். ஏன் தம்பி எங்களைப் பாக்கிறீங்கள் என்று நான் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அவன் அழுதிருப்பான், அப்பா அவனுக்குத் தண்ணீர் கொடுத்திருப்பார், நாம் மூன்று பேரும் ஒன்றாக முகாமுக்குப் போயிருப்போம். அதற்குப் பிறகு என்ன நடந்திருக்குமோ எனக்குத் தெரியாது. ஆனால் அனுப்பியது நானாக இருந்திருக்காது.

என்னை என்ன செய்வதென்று நீ யோசி. கதைக்காமல் இரு, திட்டு, எத்தனை வருடம் வேண்டுமானாலும் எடு. அப்பாவுக்காக எழுதிக் கொடுத்த பழைய வாக்குமூலத்தை மாற்றி, நடந்ததை நடந்தபடி எழுதி ஊருக்கு அனுப்பப் போகிறேன், அதில் நீ சாட்சிக் கையெழுத்து வைக்க வேண்டாம். நிவேதா உன்னைத் திரும்ப ஏற்பாளா என்பதும் எனக்குத் தெரியாது, அவளாக இருந்தால் நான் ஏற்க மாட்டேன். ஆனால் குகதாசனிடம் நீ மன்னிப்புக் கேட்க வேண்டும். போனில் அல்ல, அவர் வீட்டு வாசலில் நின்று கேட்க வேண்டும். போய்க் கேட்டுவிட்டு வா என்று எழுதத்தான் இந்தத் தாளை எடுத்தேன். ‘போ’ என்று எழுத எனக்குக் கை வரவில்லை. பஹ்ரைனுக்கு இரண்டு பேருக்கும் விசாவுக்குப் போட்டுவிட்டேன், வருகிற வெள்ளி காலை பிளேன். நீ வராவிட்டால் தனியாகப் போவேன். வந்தால், அவர் வாசலில் நான் முன்னால் நிற்பேன், நீ எனக்குப் பின்னால் நில்.